ஏழு திரைகளும் ஒரு விளக்கும்

விருத்தாசலத்தில் இரயிலை விட்டிறங்கி, நெய்வேலி வழியாகக் கடலூர் நோக்கிச் செல்லும் நம்மவர்கள் வடலூரைக் கடந்தே செல்ல வேண்டும். அங்கே எண்கோண வடிவில் எழுந்து நிற்கும் சத்திய ஞான சபையை இம்மலரைப் படிக்கும் அன்பர்களில் பலர் கண்டிருப்பர். காணாதோரும் படத்திலேனும் பார்த்திருப்பர். ஆண்டுதோறும் தைப்பூசத்தன்று அச்சபையில் ஏழு நிறத் திரைகள் ஒன்றன்பின் ஒன்றாக விலக்கப்பட, கண்ணாடியும் விளக்குமாக அமைந்த ஒளி காட்டப்படுகிறது. தலைநகரில் பிறந்து வளரும் நம் பிள்ளைகள் இதைக் கேள்வியுற்றதும் முதலில் கேட்பது, "ஏழு நிறம் என்றால் வானவில்லா?" என்பதே. பெரியவர்களும் "ஆம்" என்று சொல்லி அப்பேச்சை முடித்துவிடுகின்றனர். சில சொற்பொழிவாளர்களும் அவ்வாறே கூறிச் செல்கின்றனர்.

வானவில் அன்று. அத்திரைகளின் நிறங்கள் புறத்திலிருந்து உள்நோக்கி இவை: கறுப்பு, நீலம், பச்சை, சிவப்பு, பொன்மை, வெண்மை, கலப்பு. வானவில்லில் கறுப்பு ஏது? வெண்மைக்கு அங்கே இடம் ஏது? வானவில்லின் நிறங்கள் ஏழு என்று வரையறுத்தவர் நியூட்டன். 1704-இல் வெளிவந்த தமது ஒளியியல் நூலில், இசையின் ஏழு சுரங்களோடு ஒப்புமை காட்ட விரும்பியே அவர் அவ்வாறு பகுத்தார். வடலூர்த் திரைகளின் கணக்கு வேறு. அதன் பிறப்பிடமும் வேறு. அதை அறியாமல் வானவில்லைக் கொண்டுவந்து ஒட்டினால், ஒரு தமிழர் தம் வாழ்நாளின் இறுதியில் அரிதின் முயன்று அமைத்த ஒரு தத்துவம் பள்ளிக்கூடச் சோதனைக் காட்சியாகச் சுருங்கிவிடும். ஆதலின் இதைச் சற்று விரிவாகப் பார்ப்பது பயனுடையது என்று கருதுகிறேன்.

இராமலிங்க அடிகளின் வரலாறு பலரும் அறிந்தது. சுருக்கமாகச் சொன்னால் போதும். 1823 அக்டோபர் 5-இல் சிதம்பரத்துக்கு அண்மையில் மருதூரில் பிறந்தார். சென்னையில் ஏழுகிணற்றுப் பகுதியில் வளர்ந்தார். கந்தகோட்டத்தையும் திருவொற்றியூரையும் பாடினார். 1851-இல் 'ஒழிவிலொடுக்கம்' என்னும் நூலைப் பதிப்பித்தார். பின்னர்ச் சென்னையை நீங்கிக் கருங்குழி என்னும் சிற்றூரில் தங்கினார். 1865-இல் சங்கம் ஒன்று கண்டார். 1867-இல் அவருடைய பாடல்கள் 'திருவருட்பா' என்னும் பெயரால் அச்சேறின. அதே ஆண்டு மே 23-இல் வடலூரில் சத்திய தருமச்சாலை தொடங்கப்பெற்றது. ஞான சபையின் கட்டட வேலை 1871-இல் தொடங்கி, 1872 சனவரி 25, தைப்பூசத்தன்று முதல் வழிபாடு நடந்தது. அப்போது அவருக்கு வயது 48. அதற்குப் பின் இரண்டே ஆண்டுகள்.

ஆக, நாம் ஈண்டு காண்பது பன்னெடுங்காலம் வழிவழி வந்த ஒரு சடங்கை அன்று. தேதி உண்டு, இடம் உண்டு, வகுத்தவர் பெயர் உண்டு. ஒளியையும் நிறத்தையும் கொண்டு புதிதாக வகுக்கப்பட்டதொரு நெறி இது. புதிது என்பதால் குறைவு என்று எண்ண வேண்டியதில்லை. ஆயின் எதைக் கொண்டு அவர் இதை வகுத்தார் என்பதே சுவையான வினா.

பழைய தென்னார்க்காடு மாவட்டத்தின் படத்தை எடுத்து மேசைமேல் விரித்துப் பாருங்கள். திருவெண்ணெய்நல்லூர், திருவதிகை, சிதம்பரம் என்னும் மூன்று ஊர்களும் வடலூரிலிருந்து ஒரு பகற்பொழுதில் வண்டி கட்டிச் சென்று சேரத் தக்க, அல்லது அதனினும் சற்றே மிகுந்த தொலைவில் உள்ளவை. திருவெண்ணெய்நல்லூரில் 13-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த மெய்கண்டார், உயிரின் இயல்பை விளக்கப் படிகத்தை உவமை காட்டினார். படிகத்துக்குத் தனக்கென நிறம் இல்லை; அருகில் உள்ள பொருளின் நிறமே அதில் தோன்றும். உயிரும் சார்ந்ததன் வண்ணமாய் நிற்கும். திருவதிகையில் வாழ்ந்த மனவாசகங்கடந்தார் தமது 'உண்மை விளக்க'த்தில் ஐம்பூதங்களுக்கும் நிறம் கூறினார்: நிலம் பொன்மை, நீர் வெண்மை, தீ சிவப்பு, காற்று கருமை, வான் புகைநிறம். சிதம்பரத்தை அடுத்த கொற்றவன்குடியில் வாழ்ந்தவரும் 1313-இல் 'சங்கற்ப நிராகரணம்' இயற்றியவருமான உமாபதி சிவாசாரியார், 'திருவருட்பய'னில் ஆணவ மலத்தை இருள் என்றே பெயரிட்டு ஓர் அதிகாரம் வகுத்தார். அருளை ஒளியாகக் கொண்டு விளக்கினார். இனிச் சிதம்பரத்தில், புறம் கறுப்பும் அகம் சிவப்புமான ஒரு திரையை விலக்கி வெட்டவெளியைக் காட்டும் இரகசியத்தை அறியாத தமிழர் இலர்.

நிறம் உண்டு, படிகம் உண்டு, இருள் உண்டு, திரை உண்டு. எல்லாம் அறுநூறு ஆண்டுகளாக அதே மண்ணில் கிடந்த சரக்கு. இராமலிங்கர் தம் சபைக்கு 'உத்தர ஞான சிதம்பரம்' என்று பெயரிட்டதும், தம்மைச் 'சிதம்பரம் இராமலிங்கம்' என்றே கையொப்பத்தில் குறித்துக்கொண்டதும் இத்தொடர்பை மறைக்காமல் காட்டுகின்றன. ஆயின் சிதம்பரத்தின் ஒற்றைத் திரை வடலூரில் ஏழாயிற்று. அங்கே திரைக்குப் பின் வெளி, இங்கே திரைக்குப் பின் விளக்கு. இந்த இரு மாற்றங்களில்தான் அவருடைய தத்துவம் முழுவதும் அடங்கியிருக்கிறது.

திரைகளுக்கு அவர் வகுத்த பொருளை நூல்கள் எடுத்துச் சொல்லுகின்றன. கறுப்பு மாயா சத்தி, நீலம் கிரியா சத்தி, பச்சை பராசத்தி, சிவப்பு இச்சா சத்தி, பொன்மை ஞான சத்தி, வெண்மை ஆதி சத்தி, கலப்பு சிற்சத்தி. நிறத்துக்கு நிறம் பொருள் வகுப்பது எம்போன்ற எழுத்தர்களுக்குப் புதிதன்று. சிவப்புச் சீட்டு ஒட்டிய கோப்பு உடனே நகரும். பச்சை மையில் கையொப்பம் விழுந்தால் அது பெரிய அதிகாரியுடையது. அவ்வாறே இதுவும் ஓர் அட்டவணை என்று கண்டு மேலே செல்லத் தோன்றும். அட்டவணையோடு நின்றுவிட்டால் இதில் தத்துவம் ஒன்றும் இல்லை. 'அருட்பெருஞ்சோதி அகவ'லை எடுத்துப் பார்க்க வேண்டும்.

1,596 அடிகள் கொண்ட அப்பெரும் பாடல் 1872 ஏப்ரல் 18-ஆம் நாள் இரவில் எழுதப்பெற்றது என்பர். அதாவது, சபையில் முதல் வழிபாடு நடந்து மூன்று திங்கள் கூட நிறையாத காலம். அதில் ஏழு திரைகளையும் வரிசையாகச் சொல்லும் ஒரு பகுதி உண்டு. இலக்கணம் கற்ற எவரும் அங்கே ஒன்றை மட்டும் பார்த்தால் போதும்: அவ்வாக்கியங்களின் எழுவாய் எது? மறைப்பவர் யார்? இருள் மறைக்கிறது என்று அவர் சொல்லவில்லை. மாயை தன் வலிமையால் ஒளியை மூடிவிட்டது என்றும் சொல்லவில்லை. திரை மாயையினது, அதைக் கொண்டு மறைப்பது அருட்பெருஞ்சோதியே. கறுப்புத் திரையாலும் அதுவே மறைக்கிறது. நீலத்தாலும் பச்சையாலும் அதுவே மறைக்கிறது. ஏழாம் திரை வரை அதுவேதான். ஒளியே தன்னை மூடிக்கொள்கிறது.

சைவ சித்தாந்தம் பயின்றோர் இதைக் கேட்டு, "ஐந்தொழிலில் மறைத்தலும் ஒன்றல்லவா? மறைப்பும் அருளே என்று எங்கள் ஆசிரியர்கள் முன்னரே சொல்லியிருக்கின்றனரே" எனக் கூறக்கூடும். உண்மையே. சிறு குழந்தையின் கண்ணுக்கு நேரே உச்சிவெயில் படாமல் தாய் முந்தானையால் மறைப்பது போன்றது அது. ஆயினும் ஏட்டில் ஒரு நுண்பொருளாக இருந்த அக்கருத்தை எழுத்தறியாத உழவனும் கண்ணால் காணுமாறு துணியில் தைத்துத் தொங்கவிட்டவர் இவரே. மற்றொன்றையும் கவனிக்க வேண்டும். நிறங்கள் அவருக்குப் பகையல்ல. நீலமும் பச்சையும் சிவப்பும் சத்தியின் வடிவங்கள். இழிந்தவை என்று கிழித்தெறியத் தக்கவை அல்ல. ஒவ்வொன்றும் ஒரு வெளியை மறைக்கிறது. மறைப்பதாலேயே அங்கே ஒரு வெளி உண்டு என்று அறிவிக்கிறது.

திரைகளின் வரிசை எம்மை நெடுநாள் சிந்திக்க வைத்தது. கறுப்பில் தொடங்கினால் வெண்மையில் முடிவதுதானே முறை? ஓவியம் தீட்டும் சிறுவனைக் கேட்டாலும் அப்படித்தான் அடுக்குவான். இராமலிங்கர் அப்படி அடுக்கவில்லை. வெண்மை ஆறாவது. அதற்கும் உள்ளே, விளக்குக்கு மிக அண்மையில், எல்லா நிறங்களும் விரவிய கலப்புத் திரை. அகவலில் பிற திரைகள் வெளிகளையும் உயிரையும் மறைக்கின்றன. இக்கலப்புத் திரை மறைப்பதோ அனுபவங்களை. எமது சிற்றறிவுக்கு எட்டியவரை இதன் கருத்து இதுவாகலாம்: தூய்மை எய்திவிட்டோம் என்று ஒருவன் எண்ணும் நிலை முடிவன்று; அதற்கப்பாலும் ஒரு கலக்கம் உண்டு. வெண்மையை முடிவாகக் கொண்ட ஞானிகள் உலகில் பலர். அதைத் தாண்டியும் ஒரு திரை வைத்தவரை யாம் வேறெங்கும் கண்டிலம்.

இனி விளக்குக்கு வருவோம். 1872 சூலை 18-இல் அவர் சபை வழிபாட்டைப் பற்றி ஓர் அறிவிப்பு வெளியிட்டார். அலுவலகச் சுற்றறிக்கைகளோடு காலம் கழிக்கும் எமக்கு அவ்வறிவிப்பின் நடை மிகவும் பிடித்திருக்கிறது. எதைச் செய்ய வேண்டும், எதைச் செய்யலாகாது என்று ஐயத்துக்கு இடமின்றிச் சொல்கிறது. வைக்க வேண்டியது தகரத்தாலும் கண்ணாடியாலும் ஆன விளக்கு. பித்தளைக் குத்துவிளக்கு வேண்டாம். மேலே ஏற்றும் குளோப்பு விளக்கும் வேண்டாம். குளோப்பு என்னும் சொல்லையே அவர் தமிழில் எழுதிவிட்டார். விளக்கை உள்ளே கொண்டுபோய் வைப்போர் பன்னிரண்டு வயதுக்கு உட்பட்டவராகவோ எழுபத்திரண்டுக்கு மேற்பட்டவராகவோ இருக்க வேண்டும். சாதி பற்றிய தகுதி எதுவும் அங்கே கேட்கப்படவில்லை. கருவறைக்குள் நுழையும் உரிமை பிறப்பால் வந்த காலத்தில், அதை வயதின்மேல் வைத்தது சிறிய காரியமா? கொலையும் புலாலும் நீக்கியவரே சபைக்குள் புகலாம் என்பது மட்டும் பொது விதி.

தகர விளக்கு என்னும் இடத்தில் சற்று நிற்க வேண்டும். தில்லியிலும் ஆக்ராவிலும் வாழும் நமக்கு, ஒளியைப் போற்றிய வேறொரு பெருமகனின் நினைவு வரும். அக்பர் சக்கரவர்த்தியின் அவையில் ஒளி வழிபாடு இருந்ததை அபுல் பசல் 'அயினி அக்பரி'யில் விரிவாக எழுதியிருக்கிறார். கதிரவன் மேட இராசியில் இருக்கும் குறித்த நாளின் நண்பகலில் ஒளிக்கல் ஒன்றின் வழியாகப் பஞ்சில் தீ எடுப்பர். அரண்மனையின் விளக்கும் அடுப்பும் அத்தீயிலிருந்தே ஏற்றப்படும். மாலையில் பொன்னும் வெள்ளியுமான தண்டுகளில் பன்னிரண்டு வெண்மெழுகு விளக்குகளை அரசர் முன் கொணர்வர். அரசுரிமை என்பதே இறைவனிடமிருந்து இறங்கும் ஓர் ஒளிக்கதிர் என்பது அபுல் பசலின் கொள்கை. அதன் வேர் ஈரானில் உண்டு; 1191-இல் அலெப்போ நகரில் உயிரிழக்க நேர்ந்த சுஹ்ரவர்தி என்னும் ஞானி, எல்லாப் பொருளையும் ஒளியின் படிகளாகவே கண்டு நூல் செய்தவர். ஆழ்ந்த தத்துவந்தான், மறுப்பதற்கில்லை. ஆனால் அது ஆக்ராவில் வந்து சேர்ந்தபோது பொன் தண்டில் ஏறி அரசர் பக்கம் நின்றது. வடலூரில் ஒளி தகரத்தில் நின்றது. இரண்டையும் அருகருகே வைத்துப் பார்க்கும் வாய்ப்பு இங்கு வாழும் தமிழராகிய நமக்கே உண்டு.

அன்றியும், சபையின் விளக்குக்கு முன்னரே அவர் ஏற்றியது சாலையின் அடுப்பு. 1867-இல் மூட்டிய அவ்வடுப்பு அணையாமல் காக்கப்பட்டு வருகிறது. வந்தவர்க்கெல்லாம் சோறு இடப்படுகிறது. பசியை அவர் வெறும் துன்பமாகக் கருதவில்லை. ஏழைகளின் உடம்பில் பற்றி எரியும் நெருப்பாகக் கண்டார். அதை அவித்தால்தான் அகத்தின் விளக்கு நிற்கும். ஆகவே ஒளித் தத்துவத்தின் முதற்பாடம் சோற்றில் தொடங்கியது. திரைகள் ஐந்தாண்டு கழித்தே வந்தன. தாது வருடப் பஞ்சம் 1876-இல் சென்னை மாகாணத்தைச் சூறையாடியதை நினைந்தால், சோற்றை அவர் முன்னே வைத்ததன் அருமை விளங்கும்.

நிறத்தை அவர் மீண்டும் ஒருமுறை கையாண்டார். 1873 அக்டோபர் 22-இல் மேட்டுக்குப்பம் சித்தி வளாகத்தில் கொடி ஒன்றை ஏற்றிப் பேருரை நிகழ்த்தினார். கொடியின் மேற்பாதி மஞ்சள், கீழ்ப்பாதி வெள்ளை. அவ்விரு நிறத்துக்கும் அவர் அன்று கூறிய காரணம் நாட்டையோ குலத்தையோ பற்றியதன்று. நாபி தொடங்கிப் புருவ நடு வரை செல்லும் ஒரு நாடியைப் பற்றியது. அதன் நுனியில் ஒரு சவ்வு. அதன் அடிப்புறம் வெள்ளை, மேற்புறம் மஞ்சள். உள்ளே இருப்பதையே வெளியில் கொடியாக ஏற்றினார். சபையும் அவ்வாறு உள்ளிருப்பதன் புற அடையாளமே என்பது அவர் கருத்து. சமயச் சடங்குகளில் இலட்சியம் வைக்க வேண்டாம் என்று அவர் வெளிப்படையாகச் சொன்னதும் அதே நாளில்தான்.

1874 சனவரி 30-இல் மேட்டுக்குப்பத்து அறைக்குள் புகுந்து தாளிட்டுக்கொண்டார். பின்னர் அவரை எவரும் காணவில்லை. அரசாங்கத்தார் விசாரித்தனர். 1906-இல் டபிள்யூ. பிரான்சிஸ் எழுதிய தென்னார்க்காடு மாவட்டக் கெசட்டியரிலும் அச்செய்தி இடம்பெற்றிருக்கிறது. அரசு ஏடு அதை நம்பவுமில்லை, மறுக்கவுமில்லை. நிகழ்ந்ததை எழுதி அமைந்துவிட்டது. அவ்வடக்கத்தை யாம் பாராட்டுகிறோம். அதற்குமேல் அங்கே நடந்ததைப் பற்றிப் பேசுவது இக்கட்டுரையின் வேலையன்று.

வகுத்தவர் மறைந்ததும், வகுத்ததற்குப் பிறர் பொருள் சொல்லத் தொடங்கினர். முதன்மை மாணாக்கரும் மாநிலக் கல்லூரித் தமிழ்ப் பண்டிதருமான தொழுவூர் வேலாயுத முதலியார், 1882-இல் பிரம்ம ஞான சபையார்க்கு ஒரு வாக்குமூலம் அளித்தார். உருசியாவிலிருந்தும் அமெரிக்காவிலிருந்தும் வருவோர் உலக ஒருமையைப் போதிப்பர் என்று தம் ஆசிரியர் முன்னரே கூறியதாக அது சென்றது. அம்மையார் பிளாவட்ஸ்கிக்கும் கர்னல் ஆல்காட்டுக்கும் அது இனித்திருக்கும். இன்னொரு புறம், சபையிலேயே அவர் வகுக்காத இலிங்க வழிபாடும் அர்ச்சனையும் புகுந்தன. விளக்குக்கு முன்னால் மீண்டும் ஓர் உருவம் வந்து அமர்ந்தது; உருவத்துக்கு முன்னால் ஒரு பூசகர் வந்து நின்றார். தகரமும் வயதுக் கணக்கும் மறக்கப்பட்டன. நெடுங்காலம் இது நீடித்தது. கடைசியில் அன்பர்கள் முறையிட, அடிகள் வகுத்த முறைப்படியே வழிபாடு நடைபெற வேண்டும் என்று இந்து சமய அறநிலையத் துறை 2006-இல் முடிவு செய்தது. சென்னை உயர்நீதிமன்றம் 2010-இல் அதை நிலைநிறுத்தியது. 1872-இல் ஒரு துறவி விடுத்த அறிவிப்பு 138 ஆண்டுகளுக்குப் பின் நீதிமன்றத்தில் எடுபட்டது. எம் அலுவலகத்தில் பத்தாண்டு தாங்கும் சுற்றறிக்கையையே யாம் கண்டதில்லை.

வழிபாடு சீரானது போலவே விளக்கமும் சீராக வேண்டும். வானவில் என்றும், யோகச் சக்கரங்கள் ஏழின் நிறம் என்றும் இப்போது சொல்வோர் மிகுந்து வருகின்றனர். அச்சிட்ட படங்களில் ஊதாவும் ஆரஞ்சும் கூடத் தீட்டுகின்றனர். ஊதாவும் இல்லை, ஆரஞ்சும் இல்லை. பட்டியல் அகவலில் இருக்கிறது. பிள்ளைகளைப் பக்கத்தில் உட்காரவைத்து ஒருமுறை படித்துக் காட்டினால் அவர்களே எண்ணிக்கொள்வார்கள். கறுப்பை முதலில் வைத்தது ஏன், வெண்மையைக் கடைசியில் வைக்காதது ஏன் என்று அவர்கள் கேட்கத் தொடங்கினால், நாம் சொல்லும் எந்த விடையையும்விட அக்கேள்வியே சிறந்தது.

தைப்பூசத்துக்கு விடுப்புக் கிடைப்பது நம்மில் பலருக்கு அரிது. மாதந்தோறும் பூச நாளில் ஆறு திரைகளை விலக்கி ஒளி காட்டுவர்; ஏழும் விலகுவது தைப்பூசத்தில் மட்டும். பூசம் கழிந்து மூன்றாம் நாளில் மேட்டுக்குப்பத்து அறையின் காட்சி உண்டு. வேறெந்த நாளில் சென்றாலும் சபையின் வெளித்தோற்றத்தைக் கண்டு வரலாம். மேற்கே சிறிது தொலைவில் நெய்வேலி. அங்கே நிலத்தடியிலிருந்து பழுப்பு நிலக்கரியைத் தோண்டியெடுத்து 1962 முதல் மின்விளக்கு எரிக்கிறார்கள். மைய அரசின் நிறுவனம் என்பதால் நம் உறவினர் யாரேனும் அங்கே வேலையில் இருப்பர், தங்க இடம் கிடைக்கும். சாலையில் சோறு எந்நாளும் உண்டு.